ரஷ்யப் பெண்களின் தன்வரலாறுகளில் ‘நான்’ என்பது யார்?

ரஷ்யப் பெண்கள் தம் வாழ்க்கையை எழுதும்போது பெண் என்னும் நிலை அவர்களுடைய ‘தான்’ மீது எவ்வாறு படிகிறது என்ற கேள்விக்கு, நதேஷ்தா தூரவா (1783–1866) ஒருவரை வைத்தே பதில் சொல்கிறேன். 1806இல் கசாக்கு எனப்படும் ரஷ்யக் குதிரைவீரர்களின் உடையணிந்து வீட்டைவிட்டு வெளியேறி, ஆணாகக் குதிரைப்படையில் சேர்ந்து, நெப்போலியனுக்கு எதிரான போர்களில் பங்கேற்றவர் அவர். உண்மை தெரிந்த பிறகும் பேரரசர் முதலாம் அலெக்சாந்தர் அவரைத் திருப்பி அனுப்பாமல், அலெக்சாந்தரவ் என்ற பெயரளித்துப் பணியில் தொடரச் செய்தார்.

தமிழில் ‘போனேன்’ என்றால் போனவர் ஆணா பெண்ணா என்று தெரியாது. ரஷ்ய மொழியில் இறந்தகால வினை, தன்மையிலும் பால் காட்டும்: ஆண் ‘ஷோல்’ என்பான், பெண் ‘ஷ்லா’ என்பாள். 1836இல் வெளிவந்த தூரவாவின் நினைவுக்குறிப்புகளில் கதைசொல்லி பெண்பாலில் எழுதுகிறாள். ஆனால் சக வீரர்களிடம் அவள் பேசும் இடங்களில் வினைகள் ஆண்பாலுக்கு மாறிவிடுகின்றன. ஒரே பக்கத்தில் இருவரும் இருக்கிறார்கள். ரஷ்ய மொழியைத் தட்டுத்தடுமாறிப் படிக்கத் தொடங்கிய பிறகே எனக்கு இது கண்ணில்பட்டது. மொழிபெயர்ப்பில் அந்த இருவரும் ஓசையின்றி ஒருவராகிவிடுகிறார்கள்.

ஆண் குழந்தையை எதிர்பார்த்திருந்த தாய், ஓயாமல் அழுத கைக்குழந்தையை ஓடும் வண்டியின் சன்னல் வழியே வீசியெறிந்ததாகவும், அதன்பின் தந்தை அவளை ஒரு படைவீரரின் பராமரிப்பில் விட்டதாகவும் நூல் தொடங்குகிறது. பின்னர் அதே தாய் அவளைப் பின்னல் வேலையில் உட்கார்த்திவைக்கிறாள். பெண்ணாயிருப்பது அடிமைத்தனம் என்ற எண்ணம் இங்கிருந்தே வளர்கிறது.

ஆயினும் அவர் எழுதாமல் விட்டதே எனக்கு முதன்மையாகப் படுகிறது. 1801இல் அவருக்குத் திருமணமாகி, 1803இல் ஒரு மகனும் பிறந்திருந்தான். நூலில் கணவர், மகன் இருவருமே இல்லை. வெளியேறும்போது 23 வயதை எட்டியிருந்தவர், தம்மைப் பதின்வயதுப் பெண்ணாகக் காட்டுகிறார். வயதைக் குறைக்கும் சாதாரண ஆசையாக இதை நான் கருதவில்லை. கன்னிப்பெண்ணின் ஓட்டத்தை வீரக்கதையாக வாசித்த அக்காலச் சமூகம், பிள்ளையை விட்டுச்சென்ற தாயை அவ்வாறு வாசித்திருக்காது என்பதை அவர் அறிந்திருக்க வேண்டும்.

அதே 1836இல் கவிஞர் புஷ்கின் தம் ‘சவ்ரெமென்னிக்’ இதழில் இந்த நினைவுக்குறிப்புகளின் ஒரு பகுதியை வெளியிட்டபோது தூரவா என்ற பெயரை வெளிப்படுத்தியது தூரவாவுக்குப் பெரும் வருத்தம் தந்தது. புஷ்கினுக்கு எழுதிய கடிதங்களில் அவர் அலெக்சாந்தரவ். அங்கே வினைகளும் ஆண்பாலே.