'ப்' போன பாதை

கேள்வி: இஸ்ரேல்-பாலஸ்தீன அமைதிக்கு பாதை ஏதாவது இருக்கிறதா, ஆசிரியரே?
- ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: பாதை இருக்கட்டும், 'ப்' எங்கே? அமைதிக்குப் பாதை. நான்காம் வேற்றுமைக்குப் பின் வல்லினம் மிகும். வேண்டுமென்றே திருத்தாமல் அச்சிட்டிருக்கிறேன்.

எங்கள் பழைய பிழைதிருத்துநரும் நானும் ஒற்றெழுத்துக்காக 15 ஆண்டுகள் மல்லுக்கட்டியவர்கள். "படிப்பவனுக்குப் புரிந்தால் போதாதா?" என்பார். ஒருமுறை அவர் தயவில், அமைச்சர் இளைஞர்களுக்கு 'வேலைக் கொடுத்தார்' என்று தலைப்பு வந்துவிட்டது. ஆளுக்கொரு வேல்! அந்த வாரம் முழுக்கத் தொலைபேசியில் அரோகரா.

சிரித்தாயிற்றா? ஐ.நா. பாதுகாப்புக் கவுன்சிலின் 242ஆம் தீர்மானத்தை எடுங்கள். 1967 நவம்பர் 22. ஆறு நாள் போரில் பிடித்த நிலத்திலிருந்து இஸ்ரேல் படை விலக வேண்டும் என்கிறது. எந்த நிலத்திலிருந்து? ஆங்கிலப் படியில் 'டெரிட்டரீஸ்' (நிலப்பகுதிகள்) என்பதற்கு முன்னால், இன்னவைதான் என்று சுட்டும் 'தி' இல்லை. பிரெஞ்சுப் படியைப் படித்தால் இருப்பதுபோல் இருக்கிறது. சிலவற்றை விட்டால் போதும் என்றது இஸ்ரேல். அத்தனையையும் என்றார்கள் அரபுகள். எழுதிய பிரிட்டன் தூதர் காரடன் பிரபு மறதியில் விட்டவரல்லர். அந்த 'தி' இருந்திருந்தால் கவுன்சில் உறுப்பினர்களின் 15 கைகளும் உயர்ந்திருக்காது. எங்கள் பிழைதிருத்துநர் அவருக்கு மாலையே போட்டிருப்பார்.

சொல்லை மழுப்பினால் கையெழுத்து கிடைக்கும், ஊர் கிடைக்காது. இஸ்ரேலும் பாலஸ்தீனத் தலைமையும் செய்துகொண்ட 1993 ஓஸ்லோ ஒப்பந்தத்திலும் இதே கைவேலைதான். ஜெருசலேம், அகதிகள், எல்லை, குடியேற்றங்கள் எல்லாம் 'பிறகு'. அந்தப் பிறகு வருவதற்குள் ஹமாஸின் பஸ் குண்டுகளும், ஒப்பந்தம் போட்ட இஸ்ரேல் பிரதமர் ரபினைச் சுட்ட யூத இளைஞனின் துப்பாக்கியும் முந்திக்கொண்டன. 1967 போரில் பிடித்த மேற்குக் கரையில் ஓஸ்லோவின்போது லட்சத்துச் சொச்சமாக இருந்த யூதக் குடியேறிகள் ஐந்து லட்சத்தைத் தாண்டிவிட்டார்கள். பாதை கேட்டீர்களே, அங்கே மஞ்சள் நம்பர் பலகை போட்ட இஸ்ரேலியக் கார் நிற்காமல் போகிற பல இடங்களில், வெள்ளைப் பலகையில் பச்சை எண் எழுதிய பாலஸ்தீனக் கார் சோதனைச் சாவடியில் காத்துக் கிடக்கிறது.

என் ஓட்டு 2002இல் அரபு லீக் பெய்ரூட்டில் வைத்த யோசனைக்கு. 1967 போருக்கு முன்பிருந்த கோட்டுக்குப் பின்வாங்கிவிடுங்கள், அரபு நாடுகள் அத்தனையும் உங்களோடு உறவு வைத்துக்கொள்ளும் என்றது. இதில் மழுப்பல் குறைவு. அகதிகளைப் பற்றிய வரியில் மட்டும் 'ஒப்புக்கொள்ளப்படும் தீர்வு' என்று கொஞ்சம் வழவழா. யார் ஒப்புக்கொள்வது?

பிழைதிருத்துநர் ஓய்வு பெற்றுவிட்டார். போன தை மாதம் அவரிடமிருந்து அட்டை வந்தது: 'ஆசிரியருக்கு பொங்கல் வாழ்த்து.' காரடனைப் போலவே, தெரிந்தே விட்டிருக்கிறார். நான் இன்னும் பதில் போடவில்லை.