பட்டாளத்தில் சேராமல், பட்டாளத்தோடு சேர்ந்து: கிருஷ்ணகிரித் தந்தை ஒருவருக்குப் பதில்

அன்புள்ள ஐயாவுக்கு வணக்கம்.

தங்கள் மகள் பன்னிரண்டாம் வகுப்பில் உயிரியல் பிரிவு படிக்கிறார் என்றும், ஐ.நா. அமைதிப்படை போகும் நாடுகளில் பட்டாளத்துக்கும் ஊர்மக்களுக்கும் நடுவில் நின்று வேலை செய்யப் போவதாக உறுதியாகச் சொல்கிறார் என்றும் எழுதியிருக்கிறீர்கள். அப்படியொரு வேலை உண்மையிலேயே உண்டா, அதற்கு எந்தக் கல்லூரியில் சேர்ப்பது, பெண்பிள்ளையை நம்பி அனுப்பலாமா என்ற மூன்று கேள்விகள், பருகூர்ப் பக்கம் மாந்தோப்பும் கறவை மாடுகளும் வைத்துப் பிழைக்கும் தங்களுடைய உறக்கத்தைக் கெடுப்பதாகவும் சொல்கிறீர்கள். இதே ஐயத்தோடு தருமபுரியில் வேறு பெற்றோரும் என்னிடம் வருவதால் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

முதல் கேள்விக்கு விடை, உண்டு என்பதே. 1948-இல் தொடங்கிய ஐ.நா. அமைதி காக்கும் பணியில் படைவீரர்களும் காவலர்களும் இருப்பதை எல்லோரும் அறிவர். அவர்களோடு சீருடை அணியாத குடிமைப் பணியாளர்களும் இருக்கிறார்கள் என்பது நம் ஊர்களில் அவ்வளவாகத் தெரியவில்லை. குடிமை விவகார அலுவலர், மனித உரிமை அலுவலர், பொறியாளர், மொழிபெயர்ப்பாளர், சரக்குப் போக்குவரத்தைக் கவனிப்பவர், கண்ணிவெடி அகற்றும் திட்டத்தை நடத்துபவர் என்று அந்தப் பட்டியல் நீளும். இந்தியா இதுவரை ஐம்பதுக்கும் மேற்பட்ட பணிகளுக்கு ஏறத்தாழ 2,90,000 பேரை அனுப்பியிருக்கிறது என்றாலும் அவர்களில் மிகப் பெரும்பாலோர் சீருடையினர் என்பதால்தான், அமைதிப்படை என்றதும் நமக்குத் துப்பாக்கி மட்டும் நினைவுக்கு வருகிறது.

அந்த வேலை எப்படி நடக்கிறது என்பதைக் கிழக்குக் காங்கோவை வைத்து விளக்கலாம். காட்டோரக் கிராமங்களை ஆயுதக் குழுக்கள் தாக்கிவந்த அந்தப் பகுதியில் இந்தியா உட்படப் பல நாடுகளின் படைகள் முகாமிட்டன. ஒரு படைப்பிரிவு பெரும்பாலும் ஓராண்டு இருந்துவிட்டு மாறிவிடும். அதன் தளபதிக்கு உள்ளூர் மொழி தெரியாது, எந்தச் சந்தை நாளில் எந்தப் பாதை வழியாகப் பெண்கள் நடந்து போகிறார்கள் என்பதும் தெரியாது. ஊராருக்கு இவையெல்லாம் தெரியும், ஆனால் துப்பாக்கியோடு நிற்பவரிடம் எதைச் சொல்லலாம், சொன்னால் இரவில் யார் வந்து கதவைத் தட்டுவார்கள் என்ற அச்சம் அவர்களுக்கு இருக்கும். இதைச் சரிசெய்யவே அங்குள்ள ஐ.நா. பணி 2010 வாக்கில் அந்நாட்டுக்காரர்களையே சமூகத் தொடர்பு உதவியாளர்களாக நியமித்து முகாம்களில் அமர்த்தியது. ஊர்த்தலைவர்களிடமும் பெண்கள் குழுக்களிடமும் அவர்கள் கேட்டு வந்ததை வைத்து, ரோந்து எங்கே போக வேண்டும், எந்த நாளில் போக வேண்டும் என்று படையினர் தீர்மானிக்கலாம். ஆபத்து நெருங்கினால் ஊரிலிருந்து முகாமுக்குத் தொலைபேசியில் சொல்லும் எச்சரிக்கை வலையமைப்புகளும் இப்படித்தான் உருவாயின. படையின் பக்கத்திலிருந்தும் இதே வேலையைச் செய்பவர்கள் உண்டு: காங்கோவில் மக்கள் தொடர்புப் படைக்குழு ஒன்றுக்குத் தலைமை ஏற்றிருந்த இந்திய ராணுவ மேஜர் ராதிகா சென், 2023-ஆம் ஆண்டுக்கான ஐ.நா. ராணுவப் பாலினச் சமத்துவ விருதைப் பெற்றார். தங்கள் மகளுக்கு இவரைப் பற்றிச் சொல்லுங்கள். பட்டாளத்தில் சேர்ந்தும் இந்த வேலையைச் செய்யலாம் என்பதை அவர் தெரிந்துகொள்வது நல்லது.

ஆனால் சேர்ந்து வேலை செய்வது எவ்வளவு தேவையோ, எங்கே விலகி நிற்க வேண்டும் என்று அறிவதும் அவ்வளவு தேவை. ஆஃப்கானிஸ்தானில் வெளிநாட்டுப் படைகள் வீரர்களையும் குடிமை அலுவலர்களையும் ஒரே குழுவாக்கி மாகாணங்களில் சாலை, பள்ளி முதலிய மறுசீரமைப்புப் பணிகளைச் செய்தபோது, நிவாரணம் கொடுப்பவர் யார், போரிடுபவர் யார் என்று ஊராரால் பிரித்தறிய முடியாமல் போகும் என்று மருத்துவ, நிவாரண அமைப்புகள் கடுமையாக எதிர்த்தன. 2004 ஜூன் மாதம் எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பின் பணியாளர்கள் ஐவர் அங்கே கொல்லப்பட்டனர். அடுத்த மாதமே அந்த அமைப்பு நாட்டைவிட்டு வெளியேறுவதாக அறிவித்தது. வெளிநாட்டுப் படைகளின் வாகனங்களையும் விமானங்களையும் நிவாரணத்துக்குப் பயன்படுத்துவது, குடிமை வழிகள் இல்லாதபோது கடைசி வழியாகவே இருக்க வேண்டும் என்று 1994-இல் உருவான ஆஸ்லோ வழிகாட்டு நெறிகள் சொல்வதற்கும் இந்தக் கவலையே காரணம். இந்தத் துறைக்கு வரும் இளைஞர் ஒருவர் முதலில் படிக்க வேண்டிய பாடம் இது என்பது என் உறுதியான கருத்து.

இலங்கைக்குப் போன இந்திய அமைதிப் படையை நினைத்தாலே மனம் ஒப்பவில்லை என்று தாங்கள் எழுதியிருப்பதை நான் எளிதாகக் கடந்துவிட விரும்பவில்லை. 1987 முதல் 1990 வரை அங்கிருந்த அந்தப் படை ஐ.நா.வின் கீழ்ச் சென்றதன்று. இந்திய–இலங்கை ஒப்பந்தத்தின்படி சென்றது. அமைதி காக்கச் சென்ற படை சில மாதங்களிலேயே போரில் இறங்க நேர்ந்தது; 1,100-க்கும் மேற்பட்ட இந்திய வீரர்கள் உயிரிழந்தனர்; அங்குள்ள தமிழ் மக்கள் பட்ட துயரத்தை நம் தலைமுறை மறக்கவில்லை. எல்லாத் தரப்பினரின் ஒப்புதலோடு இருப்பது, பக்கம் சாராதிருப்பது, தற்காப்புக்கும் ஒப்படைக்கப்பட்ட பணியைக் காப்பதற்கும் தவிர ஆயுதத்தைப் பயன்படுத்தாதிருப்பது என்று ஐ.நா. வகுத்துள்ள மூன்று அடிப்படைகளும் எவ்வளவு பெரிய பொருள் உடையவை என்பதை அந்த அனுபவம் நமக்குக் காட்டுகிறது. அந்த அடிப்படைகள் ஐ.நா. பணிகளிலும் எப்போதும் முழுமையாகக் கைகூடுவதில்லை என்பதையும் மகள் அறிந்துகொண்டுதான் இறங்க வேண்டும்.

குடிமை நிர்வாகமும் படையும் சேர்ந்து செயல்படுவதைப் பார்க்க வெளிநாடு போக வேண்டியதும் இல்லை. 2024 டிசம்பர் தொடக்கத்தில் ஃபெஞ்சல் புயல் மழையில் நம் ஊத்தங்கரையில் ஒரே நாளில் ஏறத்தாழ 50 சென்டிமீட்டர் கொட்டித் தீர்த்ததைத் தாங்களே கண்டிருப்பீர்கள். அதே புயலில் புதுச்சேரியில் வெள்ளத்தில் சிக்கியவர்களை மீட்க ராணுவம் இறங்கியது. இத்தகைய நேரத்தில் படையை அழைப்பது குடிமை நிர்வாகம். எந்தத் தெருவுக்குப் படகு முதலில் போக வேண்டும், முகாமில் யாருக்கு மருந்து தேவை என்று சொல்ல வேண்டியவர்கள் வருவாய்த் துறையினரும் உள்ளாட்சியினரும் தன்னார்வலர்களும். மகள் கல்லூரியில் நாட்டு நலப்பணித் திட்டத்திலோ தேசிய மாணவர் படையிலோ சேர்ந்து இப்படிப்பட்ட வேலையில் ஒருமுறையேனும் பங்கெடுத்தால், இது தனக்கு ஏற்றதா என்பதை அவரே உணர்ந்துகொள்வார்.

இனிக் கல்லூரி. பன்னிரண்டாம் வகுப்பு முடிந்ததும் அமைதி ஆய்வு, பன்னாட்டு உறவு என்று பெயருள்ள இளங்கலைப் படிப்பைத் தேடி அலைய வேண்டாம் என்பது என் ஆலோசனை. களத்தில் ஒருவரைத் தேடுவது அவர் கையில் உள்ள தொழிலுக்காக. அமைதி பற்றிய படிப்பு அதன் மேல் சேர வேண்டியது. முதுகலையில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் பாதுகாப்பு மற்றும் உத்திசார் ஆய்வுத் துறையோ, தில்லியில் ஜாமியா மில்லியாவின் நெல்சன் மண்டேலா அமைதி மையமோ இருக்கவே இருக்கின்றன.

தங்கள் மகளைப் பொறுத்தவரை நான் முதலில் சொல்வது கால்நடை மருத்துவம். இது தங்களுக்கு வியப்பாக இருக்கலாம் என்பதால் காரணத்தை விளக்குகிறேன். தெற்கு சூடானில் டிங்கா, நூயர் மக்களுக்கு மாடுதான் சேமிப்பு, மாடுதான் மணப்பெண்ணுக்குக் கொடுக்கும் பரிசம். மாடு கவர்வதில் தொடங்கும் சண்டை இரண்டு இனங்களுக்கு இடையே பெரும் கொலையாக முடிவதும் உண்டு. தொறு, அதாவது கவரப்பட்ட மாட்டு மந்தையை, மீட்டு உயிர்விட்ட வீரர்களுக்கு நடுகல் எடுத்த தருமபுரி, கிருஷ்ணகிரி மண்ணில் பிறந்தவருக்கு இதைப் புரிந்துகொள்வது கடினமன்று. அங்கே ஐ.நா. பணியில் இருந்த இந்தியப் படையோடு சென்ற ராணுவக் கால்நடை மருத்துவர்கள் மலக்கால் நகரில் ஊராரின் மாடுகளுக்கும் ஆடுகளுக்கும் சிகிச்சை அளித்தனர். மாட்டை ஓட்டிக்கொண்டு முகாம் வாசலுக்கு வரும் ஒருவரிடம் நோயைப் பற்றிக் கேட்கத் தொடங்கினால், மேய்ச்சல் எங்கே தடைபட்டிருக்கிறது, தண்ணீருக்கு யாரோடு தகராறு என்பதெல்லாம் தானே பேச்சில் வரும். சீருடை அணியாமலும் இதைச் செய்யலாம்: ஐ.நா. உணவு மற்றும் வேளாண்மை நிறுவனமும் பன்னாட்டுச் செஞ்சிலுவைச் சங்கமும் அந்நாட்டில் கால்நடைத் தடுப்பூசிப் பணிகளில் ஈடுபட்டுள்ளன.

நமக்கு அருகில் நாமக்கல்லிலும் சேலம் மாவட்டம் தலைவாசலிலும் கால்நடை மருத்துவக் கல்லூரிகள் உள்ளன. படிப்பு ஐந்தரை ஆண்டுகள். மாநில ஒதுக்கீட்டு இடங்களுக்குப் பன்னிரண்டாம் வகுப்பு மதிப்பெண்ணே அடிப்படை. மகள் ஆறாம் வகுப்பு முதல் அரசுப் பள்ளியில் படித்தவர் என்றால் 7.5 விழுக்காடு உள்ஒதுக்கீடும் உண்டு. அதற்கான சான்றிதழைத் தலைமையாசிரியரிடம் இப்போதே கேட்டு வாங்கி வையுங்கள். இடம் கிடைக்காவிட்டால் செவிலியர் படிப்போ, பொது நிர்வாகமோ, அரசியல் அறிவியலோ இதே துறைக்குக் கொண்டுசெல்லும்.

பட்டத்துக்கு அடுத்தது மொழி. ஐ.நா.வின் அலுவல் மொழிகள் ஆறில் நம் பிள்ளைகளுக்கு ஆங்கிலம் மட்டுமே தெரியும், அதுவும் பேச்சளவில். களத்தில் ஒவ்வொரு நாளும் அறிக்கை எழுத வேண்டியிருப்பதால், தெளிவான ஆங்கிலத்தில் இரண்டு பக்கம் எழுதப் பழகுவது முதல் கடமை. இரண்டாவது பிரெஞ்சு. காங்கோ, மத்திய ஆப்பிரிக்கக் குடியரசு போன்ற நாடுகளில் அது இல்லாமல் நகர முடியாது. பெங்களூருவில் உள்ள அலையான்ஸ் பிரான்சேஸ் என்ற பிரெஞ்சு மொழிப் பயிற்சி நிறுவனத்தில் கற்கலாம். கல்லூரி இரண்டாம் ஆண்டில் தொடங்கினாலும் போதும்.

வேலைக்கான முதல் வாசல், ஐ.நா. தன்னார்வலர் அமைப்பு. 18 முதல் 26 வயது வரை உள்ளவர்களுக்கு இளைஞர் பிரிவு உண்டு. 27 வயதுக்கு மேல், குறைந்தது மூன்றாண்டு அனுபவத்தோடு வல்லுநர் பிரிவில் போகலாம். அங்கே சம்பளம் என்று தருவதில்லை, வாழ்க்கைச் செலவுக்கான படி தருகிறார்கள். ஆகவே படிப்பு முடிந்ததும் இரண்டு மூன்று ஆண்டுகள் கால்நடைத் துறையிலோ நல்ல தொண்டு நிறுவனத்திலோ இங்கேயே வேலை பார்த்துவிட்டுப் போவதே நல்லது.

பாதுகாப்பைப் பற்றி மறைக்க எனக்கு விருப்பமில்லை. 1948 முதல் 4,000-க்கும் மேற்பட்டோர் ஐ.நா. அமைதிப் பணியில் உயிரிழந்துள்ளனர். 2013 டிசம்பரில் தெற்கு சூடானின் அக்கோபோவில் இருந்த ஐ.நா. முகாமில் தஞ்சம் புகுந்த மக்களைத் தாக்க வந்தவர்களால் இந்திய வீரர்கள் இருவர் கொல்லப்பட்டனர். குடிமைப் பணியாளர்களுக்கு நடமாட்டக் கட்டுப்பாடுகளும் பாதுகாப்புப் பயிற்சியும் உண்டு. ஆயினும் ஆபத்து முற்றிலும் இல்லை என்று எவரும் உறுதி தர முடியாது. பெண் என்பதற்காகத் தடுக்க வேண்டாம் என்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். 2007-இல் இந்தியா லைபீரியாவுக்கு அனுப்பிய, முழுக்கப் பெண்களே கொண்ட காவல் பிரிவுதான் ஐ.நா. பணிகளில் அவ்வகையில் முதலாவது. பெண்கள் பேச வருவது பெண்களிடமே என்பதால், இந்த வேலையில் பெண்களின் தேவை ஆண்களின் தேவையைவிடக் கூடுதல் என்றே நான் கருதுகிறேன்.

இன்னொன்றையும் எண்ணிப் பார்க்க வேண்டும். மாலியில் இருந்த ஐ.நா. பணி 2023-இல் மூடப்பட்டது. லெபனானில் உள்ளதை 2026 இறுதியோடு முடிக்கப் பாதுகாப்பு மன்றம் தீர்மானித்துள்ளது. நிதி நெருக்கடியால் வேலைகள் குறைந்துவருகின்றன. இந்த ஒன்றையே நம்பி இல்லாமல், ஊரிலேயே பிழைக்க உதவும் தொழிற்படிப்பை முதலில் வையுங்கள் என்று நான் வற்புறுத்துவதற்கு இதுவும் காரணம்.

ஐ.நா. வேலை வாங்கித் தருவதாக ஓசூரிலோ பெங்களூரிலோ எவரேனும் பணம் கேட்டால் ஒரு ரூபாயும் கொடுக்காதீர்கள். விண்ணப்பம், நேர்காணல், பயிற்சி என எந்தக் கட்டத்திலும் ஐ.நா. கட்டணம் வாங்குவதில்லை. பொதுத்தேர்வு முடிந்ததும் மகளையும் அழைத்துக்கொண்டு வாருங்கள். கால்நடை மருத்துவ விண்ணப்பத்தைச் சேர்ந்தே நிரப்பிவிடலாம். வரும்போது சாதிச் சான்றிதழ், இருப்பிடச் சான்றிதழ், பதினோராம் வகுப்பு மதிப்பெண் பட்டியல் ஆகியவற்றின் நகல்களைக் கொண்டுவர மறக்க வேண்டாம்.