கங்கை அமரனின் அகலக்கால்

அன்புள்ள ஆசிரியருக்கு,

'வாழ்வே மாயம்' பாட்டெல்லாம் இளையராஜா இசை என்றே நாற்பது வருடமாக நம்பியிருந்தேன். போன வாரம்தான் அது கங்கை அமரன் என்று தெரிந்தது. பாட்டு, இசை, இயக்கம் என்று அகலக்கால் வைக்காமல் ஒன்றிலேயே நின்றிருந்தால் இன்னும் பெரிய இடத்துக்குப் போயிருப்பார், இல்லையா?

கே.

அன்புள்ள கே.,

நீங்கள் மட்டுமில்லை. கல்யாணக் கச்சேரியில் அந்தப் படத்தின் 'நீலவான ஓடையில்' பாட்டை ராஜா கணக்கில் எழுதி அறிவித்ததை நானே கேட்டிருக்கிறேன். ராஜாவும் அமரனும் பண்ணைப்புரத்திலிருந்து கிளம்பி, மூத்த அண்ணன் பாவலர் வரதராசனோடு கம்யூனிஸ்ட் மேடைகளில் பாடித் திரிந்த தம்பிகள். சாயல் இல்லாவிட்டால்தான் ஆச்சரியம்.

அகலக்கால் என்பதை மட்டும் நான் ஒப்பமாட்டேன். மெட்டுக்குப் பாட்டு எழுதுகிறவர் பலரும் தத்தகாரத்தை (மெட்டின் அளவைக் காட்டும் 'தன்னானே' போன்ற வெற்றொலிகளை) எண்ணி அதில் சொல்லை உட்கார வைப்பார்கள். மெட்டுப் போடவும் தெரிந்தவருக்கோ எந்த எழுத்தில் பாடகரின் வாய் திறக்கும் என்பதும் தெரியும். 'நிழல்கள்' (1980) படத்தின் 'பூங்கதவே தாழ் திறவாய்' அவர் எழுதியது. ஒருமுறை வாய்விட்டுப் பாடிப் பாருங்கள். 'பூ'வில் உதடு குவிகிறது. 'தாழ்' வந்ததும் வாய் திறக்கிறது, 'வாய்' என்னும்போது மறுபடி. கதவு உங்கள் முகத்திலேயே திறந்துவிடுகிறது!

அந்தச் சொற்கள் வந்த வழியையும் பாருங்கள். திருப்பாவை பதினாறாம் பாட்டில் ஆண்டாள் வாயில் காப்பானிடம் 'மணிக்கதவம் தாள் திறவாய்' என்கிறாள். செங்கொடி மேடையில் பாடியவர் அதைக் காதல் பாட்டுக்குக் கொண்டுவந்திருக்கிறார். (தாளா, தாழா என்ற சண்டைக்கு நான் வரவில்லை.)

இசையமைப்பாளராக 'சுவரில்லாத சித்திரங்கள்', 'மௌன கீதங்கள்' எல்லாம் உண்டு. நல்ல பாட்டுகள்தான். ஆனாலும் என் தராசில் பாடலாசிரியர் தட்டுதான் தாழ்கிறது.

எனக்குப் பிடித்த விஷயம் இன்னொன்று. 'வாழ்வே மாயம்' வந்த அதே 1982இல் 'கோழி கூவுது' படத்தை இயக்கினார். மெட்டுப் போடத் தெரிந்த இயக்குநர், இசையையும் தானே வைத்துக்கொண்டிருக்கலாம். இசையை அண்ணனிடம் கொடுத்தார். 1989இல் 'கரகாட்டக்காரன்' எடுத்தபோதும் அப்படியே. 'மாங்குயிலே பூங்குயிலே' என்று எழுதிக் கொடுத்துவிட்டு மெட்டை அண்ணன் பக்கம் விட்டார். பாசம் என்பீர்கள். அந்தப் படத்துக்கு யார் மெட்டு வேண்டும் என்று அவருக்குள் இருந்த இசையமைப்பாளர்தான் முடிவு செய்தார் என்றே எனக்குப் படுகிறது.