தொடக் கூடாத பந்து

அன்புள்ள ஐயா,

வணக்கம். ஹூஸ்டனுக்குப் பக்கத்தில் சுகர்லேண்டில் இருபது வருடமாக இருக்கிறேன். சொந்த ஊர் விருதுநகர் பக்கம். என் இளைய மகள் ஹூஸ்டன் பல்கலைக்கழகத்தில் மூன்றாம் ஆண்டு படிக்கிறாள். கல்லூரிக் கூடைப்பந்து இறுதி ஆட்டத்தைப் பார்க்கத் தோழிகளோடு காரில் சான் அன்டோனியோ போனாள். தோற்றுவிட்டார்கள். விடிகாலை மூன்று மணிக்கு வந்து படுத்தவள், இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. கேட்டால், "ஒரு ஷாட்டாவது போட்டிருக்கலாம்ப்பா" என்கிறாள். வேறு பேச்சே இல்லை.

நானும் கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவன்தான். தோற்றால் டிவியை அணைத்துவிட்டு வேலையைப் பார்ப்போம். அடுத்த ஆட்டம் வரும். ஒரு பெண்பிள்ளை பந்துக்காக இப்படி முடங்கிக் கிடப்பது எனக்குப் பிடிபடவில்லை. பெயர்தான் கல்லூரிப் பையன்கள், லட்சக்கணக்கில் டாலர் வாங்குகிறார்கள். அவர்களுக்காக இவள் ஏன் பட்டினி கிடக்க வேண்டும்? மார்ச் மாதம் முழுக்க இந்தப் போட்டியைப் பார்ப்பேன் என்று நீங்கள் ஒருமுறை எழுதியிருந்தீர்கள். அதனால்தான் கேட்கிறேன். இதில் அப்படி என்ன இருக்கிறது?

அன்புடன்,
ஹூஸ்டனிலிருந்து ஒரு வாசகர்

*

அன்புள்ள நண்பருக்கு,

அந்த ஆட்டத்தை நானும் பார்த்தேன். உங்களுக்குத் திங்கள் இரவு, எனக்குச் செவ்வாய் காலை ஆறே கால். பால்காரர் வந்துபோன பிறகு, காப்பியோடு உட்கார்ந்தேன். ஆட்டம் முடிந்தபோது எட்டரை தாண்டிவிட்டது. காப்பி ஆடை படர்ந்து அப்படியே இருந்தது. ஆகவே உங்கள் மகளை விட்டுக்கொடுத்து எதுவும் சொல்ல மாட்டேன் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

அவள் சொல்லும் அந்த 'ஷாட்' என்னவென்று நீங்கள் பார்த்தீர்களா? பார்க்கவில்லை என்று கடிதத்திலேயே தெரிகிறது. சொல்கிறேன்.

19.7 விநாடி பாக்கி. எதிரணியான ஃபுளோரிடா பல்கலைக்கழகம் 65, ஹூஸ்டன் 63. பந்து ஹூஸ்டன் கையில். இரண்டு புள்ளி எடுத்தால் சமன், மூன்று எடுத்தால் கோப்பை. இரண்டாம் பாதியின் தொடக்கத்தில் 12 புள்ளி முன்னால் இருந்த அணி அது. பந்து கைமாறி, எறிந்தால் மூன்று புள்ளி கிடைக்கும் வளைவுக் கோட்டுக்கு வெளியே நிற்கும் ஹூஸ்டனின் இமானுவல் ஷார்ப்பிடம் வருகிறது. மூன்று புள்ளி ஷாட்டுக்காக எழும்புகிறார். ஃபுளோரிடாவின் வால்டர் கிளேட்டன் கையை நீட்டியபடி அவர்மேல் பாய்ந்து வருகிறார். ஷார்ப் காற்றில் இருக்கிறார், கண்ணுக்கு நேரே ஒரு கை. போட்டால் பந்து அந்தக் கையில்தான் போய் விழும். பந்தைக் கீழே விட்டுவிடுகிறார்.

இங்கே எங்கள் பள்ளி பி.டி. மாஸ்டரைக் கூப்பிட வேண்டியிருக்கிறது. சிமென்டுத் தளம், வலையில்லாத இரும்பு வளையம், தளத்தின் ஒரு மூலையில் சத்துணவுக்கூடத்து விறகு. இதுதான் எங்கள் கோர்ட். மாஸ்டர் நந்தனம் ஒய்.எம்.சி.ஏ. உடற்பயிற்சிக் கல்லூரியில் படித்தவர். அந்தக் கல்லூரியை 1920இல் சென்னையில் தொடங்கியவர் ஹாரி க்ரோ பக் என்ற அமெரிக்கர். 1891இல் ஜேம்ஸ் நெய்ஸ்மித் பழக்கூடைகளை மாட்டி இந்த விளையாட்டை உண்டாக்கினாரே, அதே ஸ்பிரிங்ஃபீல்ட் பயிற்சிப் பள்ளியில் படித்துவிட்டு வந்தவர் அவர். அந்த வழியில் கணக்குப் போட்டால் எங்கள் மாஸ்டர் நெய்ஸ்மித்துக்கு ஏதோ ஒருவகையில் பேரன் முறை. அவர் எங்களுக்கு விதிப்புத்தகத்தைக் காட்டியதே இல்லை. ஒரே வாக்கியம்தான்: "பந்தோட எழும்பினா பந்து இல்லாமத்தாண்டா எறங்கணும்." பந்தோடு எழும்பி, பந்தோடு இறங்கினால் டிராவலிங். விசில் ஊதிப் பந்தை எதிரணிக்குக் கொடுத்துவிடுவார்கள்.

ஷார்ப் விதிப்படிதான் செய்தார். பந்தோடு எழும்பி, பந்து இல்லாமல் இறங்கினார். ஆனால் அப்படி விட்ட பந்தை விட்டவனே முதலில் தொட்டால் அதுவும் டிராவலிங்தான். வேறு யாராவது தொட்ட பிறகுதான் அவன் தொடலாம். ஆகவே அந்தப் பந்து அவர் காலடியில் துள்ளுகிறது. கோப்பையைத் தீர்மானிக்கும் பந்து, கைக்கெட்டும் தூரத்தில். அவர் தொடக் கூடாது. தன் அணிக்காரன் ஒருவன் வருவானா என்று பார்த்தபடி பந்தின் பக்கத்திலேயே நிற்கிறார். விநாடி ஓடுகிறது. ஃபுளோரிடாவின் அலெக்ஸ் காண்டன் தரையோடு பாய்ந்து விழுந்து பந்தைத் தள்ளிவிடுகிறார். முடிந்தது. ஷார்ப் அங்கேயே குனிந்து உட்கார்ந்துவிட்டார்.

என் மனைவி அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்து, "அந்தப் பையன் ஏன் பந்தை எடுக்காம நிக்கிறான்?" என்று கேட்டாள். உங்கள் மகளுக்குத் தொண்டையில் சோறு இறங்காததற்குக் காரணம் அந்தக் கேள்விதான்.

கிரிக்கெட்டோடு ஒப்பிட்டீர்கள். அடுத்த ஆட்டம் வரும் என்கிறீர்கள். இங்கே வராது. 68 அணிகள், மூன்று வாரம், 67 ஆட்டங்கள். ஒன்று தோற்றால் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான். ஐ.பி.எல். மாதிரி தோற்றவனுக்கு இன்னொரு வாய்ப்பு என்ற தாட்சண்யமெல்லாம் இல்லை. கடைசி வருடத்து மாணவனுக்கு அந்தத் தோல்வியோடு கல்லூரி ஆட்டமே முடிந்துபோகிறது. ஜெ'வான் ராபர்ட்ஸ் என்று ஒருவர், ஐந்து வருடத்துக்கும் மேலாக ஹூஸ்டனுக்கே ஆடியவர். உங்கள் மகள் பள்ளியில் படித்த காலத்திலேயே அந்தச் சிவப்புச் சட்டையைப் போட்டுவிட்டவர். இனி அந்தச் சட்டை அவருக்குக் கிடையாது.

அதற்கு இரண்டு நாள் முன்னால் நடந்ததையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். அரையிறுதியில் எதிரே டியூக் பல்கலைக்கழகம். இரண்டாம் பாதியில் ஹூஸ்டன் 14 புள்ளி பின்தங்கியது. கடைசி அரை நிமிடத்தை நெருங்கும்போதும் 67-61. நான் எழுந்து குளிக்கப் போகலாம் என்று துண்டைத் தோளில் போட்டுவிட்டேன். அப்போது ஒருவர் மூன்று புள்ளி ஷாட் போட்டார். டியூக் பந்தை உள்ளே எறியும்போது ஹூஸ்டன் பறித்தது. ஜோசப் டக்ளர் வளையத்துக்குள் பந்தை அழுத்தினார். 67-66. இந்த ராபர்ட்ஸ் எதிரணியின் தவறுக்காகக் கிடைத்த இரண்டு ஃப்ரீ த்ரோவையும் போட்டு முன்னிலை வாங்கினார். கடைசியில் 70-67. டியூக் அந்த அரை நிமிடத்தில் ஒரு புள்ளிகூட எடுக்கவில்லை. நான் துண்டோடு நின்றேன்.

அந்த மீட்சியைத் தொடங்கிவைத்த மூன்று புள்ளி ஷாட்டைப் போட்டவர் யார் தெரியுமா? இதே ஷார்ப்தான். சனிக்கிழமை அவர் கையைவிட்டுப் போன பந்து வளையத்துக்குள் விழுந்தது. திங்கட்கிழமை தரையில் விழுந்தது.

ஹூஸ்டனுக்கு இதில் ஒரு பழைய கணக்கும் உண்டு. உங்கள் அலுவலகத்தில் அறுபது வயதைத் தாண்டிய ஹூஸ்டன்காரர் யாராவது இருந்தால் 1983 என்று மட்டும் சொல்லிப் பாருங்கள், முகம் மாறும். பின்னாளில் பெரிய நட்சத்திரங்களான ஒலாஜுவானும் கிளைட் டிரெக்ஸ்லரும் இருந்த அணி. அவர்களை யாரும் வெல்ல முடியாது என்று பேச்சு. இறுதியில் நார்த் கரோலினா ஸ்டேட். 52-52. கடைசி விநாடிகளில் எதிரணியின் விட்டன்பர்க் தொலைவிலிருந்து ஒன்று எறிந்தார். அது வளையம் வரைக்கும்கூட வரவில்லை. வளையத்துக்குக் கீழே நின்ற அவர் அணிக்காரர் லொரன்ஸோ சார்ல்ஸ் அதைக் காற்றிலேயே பிடித்து உள்ளே அழுத்திவிட்டார். 54-52. எதிரணிப் பயிற்சியாளர் ஜிம் வால்வானோ கட்டிப்பிடிக்க ஆள் தேடிக் களம் முழுக்க ஓடினார். அடுத்த வருடமும் ஹூஸ்டன் இறுதிக்கு வந்து ஜார்ஜ்டவுனிடம் தோற்றது. பிறகு 41 வருடம் கழித்து இப்போது, 2025இல்தான். இந்த முறை வென்ற ஃபுளோரிடா பயிற்சியாளர் டாட் கோல்டனுக்கு 39 வயது. வால்வானோவுக்குப் பிறகு இவ்வளவு இளம் வயதில் யாரும் இந்தக் கோப்பையை வாங்கியதில்லையாம். அந்த இருவருக்கும் கோப்பையைக் கொடுத்து அனுப்பியது ஹூஸ்டன்தான். எதிர்ப்பக்க பெஞ்சில் 69 வயது கெல்வின் சாம்ப்சன். பயிற்சியாளர் வாழ்க்கையில் எல்லாம் பார்த்துவிட்டார், இந்தக் கோப்பையைத் தவிர.

எனக்கு இந்தக் கிறுக்கு எங்கே பிடித்தது என்றும் சொல்லிவிடுகிறேன். 2010இல் வேலை நிமித்தம் இண்டியானாபொலிஸில் இருந்தேன். மார்ச் நடுவில் ஒருநாள் அலுவலகத்தில் ஆளுக்கொரு தாள் கொடுத்தார்கள். அதில் தொடக்கத் தகுதி ஆட்டம் போக மீதி 63 ஆட்டத்துக்கும் யார் ஜெயிப்பார் என்று நிரப்பி, ஐந்து டாலரோடு கொடுக்க வேண்டும். பிராக்கெட் என்பார்கள். அந்தத் தாளை எத்தனை விதமாக நிரப்பலாம் என்று ஒருநாள் கணக்குப் போட்டுப் பார்த்தேன். இரண்டை 63 முறை பெருக்க வேண்டும். 92 ஆயிரம் கோடியைக் கோடியால் பெருக்கினால் வருவதைவிடக் கொஞ்சம் அதிகம். அம்பலப்புழைப் பால்பாயசக் கதை தெரியுமல்லவா, சதுரங்கக் கட்டத்தில் ஒன்று, இரண்டு, நான்கு என்று அரிசியை வைத்து ராஜாவைக் கடனாளியாக்கிய கதை? அதில் அறுபத்து நான்காவது கட்டத்தில் வைக்க வேண்டிய அரிசி எத்தனையோ, இதுவும் அத்தனையேதான். எனக்குக் கணக்கு அவ்வளவு தூரம் போகவில்லை. நான் கோப்பைக்கு எழுதிய கேன்சஸ் இரண்டாம் சுற்றிலேயே நார்த்தர்ன் அயோவாவிடம் 69-67 என்று தோற்றது. பக்கத்து இருக்கைக்காரர் என் தாளைச் சுவரிலிருந்து எடுத்து மடித்து, துக்கம் விசாரிப்பதுபோல் கையில் கொடுத்தார்.

அந்த வருடம் இறுதிக்கு வந்தது பட்லர். அதே ஊரின் சின்னக் கல்லூரி, நாலாயிரம் மாணவர்கள் சொச்சம். இறுதி ஆட்டமும் அதே ஊரில், எழுபதாயிரம் பேருக்கு முன்னால். எதிரே டியூக். 61-59 என்று டியூக் முன்னால் இருக்கும்போது, மணி அடிக்கும் நேரத்தில் பட்லரின் கார்டன் ஹேவர்ட் பாதிக் களத்திலிருந்து ஒன்று எறிந்தார். பந்து பலகையில் பட்டு, வளையத்தில் பட்டு, வெளியே விழுந்தது. மறுநாள் காலை காப்பி மெஷின் பக்கத்தில் எங்கள் கணக்குப் பிரிவுக்காரர் ஒருவர், பட்லர் சட்டையோடு வந்தார். யாரிடமும் பேசவில்லை. குடித்த காகிதக் கோப்பையைக் கசக்கினார், நடைபாதையின் பாதித் தூரத்தில் நின்று குப்பைத்தொட்டியைக் குறிபார்த்து எறிந்தார். விளிம்பில் பட்டு வெளியே விழுந்தது. குனிந்து எடுத்துத் தொட்டிக்குள் போட்டுவிட்டு வேலைக்குப் போய்விட்டார். அவருக்கு அது போதுமானதாக இருந்தது. எறியப்பட்ட பந்து அது. 'மயிரிழையில் போச்சு' என்று பேரனிடம் சொல்லிக்கொள்ளலாம். உங்கள் மகளிடம் அந்த மயிரிழைகூட இல்லை. எறியப்படாத பந்தைப் பற்றி என்ன கதை சொல்வது?

பணம் வாங்குகிறார்களே என்ற உங்கள் கோபத்தை ஒரு பத்தியில் முடித்துவிடலாம். 2010இல் இந்தப் போட்டியின் ஒளிபரப்பு உரிமை 14 வருடத்துக்கு 1,080 கோடி டாலருக்கு விற்கப்பட்டது. அப்போது ஆடிய பையன்களுக்குப் படிப்புச் செலவுக்கு மேல் சம்பாதிக்க அனுமதி இல்லை. 2021இல்தான் தங்கள் பெயரையும் முகத்தையும் வைத்துச் சம்பாதிக்கலாம் என்று கதவைத் திறந்தார்கள். காசு வந்த பிறகு பையன்கள் வருடத்துக்கு ஒரு கல்லூரி என்று தாவுகிறார்கள் என்பது உண்மை. எனக்கும் அது உவப்பில்லை. ஆனால் அரங்கத்துக்காரர், டிவிக்காரர், பயிற்சியாளர் எல்லோரும் வாங்கும்போது வராத கோபம், பந்தைப் போடுகிறவன் வாங்கும்போது மட்டும் ஏன் வருகிறது என்று என்னையே கேட்டுக்கொள்வேன்.

அப்புறம், 'பெண்பிள்ளை' என்று எழுதியதை உங்கள் மகளிடம் காட்டாதீர்கள். 2024இல் பெண்கள் இறுதி ஆட்டத்தை, சவுத் கரோலினா - அயோவா, அமெரிக்காவில் 1.8 கோடிக்கும் மேற்பட்டவர்கள் டிவியில் பார்த்தார்கள். அதே வருடம் ஆண்கள் இறுதிக்கு 1.5 கோடிகூட வரவில்லை.

உங்கள் மகளோடு எனக்கு ஒரே ஒரு கருத்து வேறுபாடு. "ஒரு ஷாட்டாவது போட்டிருக்கலாம்" என்கிறாளே, போட்டிருக்க முடியாது என்பது என் எண்ணம். நான் அதைப் பலமுறை ஓட்டிப் பார்த்தேன். கிளேட்டன் அந்தத் தூரத்தை அவ்வளவு சீக்கிரம் கடந்துவந்தார். அரையிறுதியில் 34 புள்ளி எடுத்த ஆள், இறுதியின் முதல் பாதியில் ஒரு புள்ளிகூட எடுக்க முடியாமல் ஹூஸ்டன் அவரைக் கட்டிப்போட்டிருந்தது. மொத்தமே 11. அத்தனை புள்ளி எடுக்கத் தெரிந்தவர் கடைசியில் ஆட்டத்தை முடித்தது கையை நீட்டிக்கொண்டு ஓடிவந்ததில். ஷார்ப்புக்கு அரை விநாடி இருந்தது. அந்த அரை விநாடியில் எங்கள் மாஸ்டர் சொன்னதைத்தான் அவர் கை செய்தது.

ஆனால் இதை நீங்கள் போய் அவளிடம் சொல்ல வேண்டாம். "அடுத்த வருஷம் பார்த்துக்கலாம்மா" என்றும் சொல்ல வேண்டாம், அது இன்னும் மோசம். அந்தக் கடைசி இருபது விநாடியை உங்களுக்கு விளக்கச் சொல்லிக் கேளுங்கள். சாப்பாட்டு மேசையில் வைத்துக் கேட்பது நல்லது. உப்பு டப்பாவை ஷார்ப்பாகவும் ஊறுகாய் பாட்டிலைக் கிளேட்டனாகவும் நகர்த்திக் காட்டாமல் அவளால் அதைச் சொல்ல முடியாது. நீங்கள் நடுநடுவே, "அப்போ அவன் ஏன் பந்தை எடுக்கல?" என்று கேளுங்கள். டிராவலிங்கைப் புரியவைக்க எப்படியும் கால் மணி நேரம் ஆகும். தட்டில் சோற்றைப் போட்டுப் பக்கத்தில் வைத்துவிடுங்கள்.

அன்புடன்.