உங்கள் கடலில் தரை எங்கே?

கற்பனை உலகம் எழுதுகிறவர்களின் கடல் சந்தேகங்களுக்கு நாகப்பட்டினத்திலிருந்து பதில். வரைபடம் இணைக்காத கடிதங்களை இந்த முறையும் தொடவில்லை. முதலில் கரையை வரையுங்கள், அப்புறம் பூதத்தை இறக்குங்கள் என்று எத்தனை தரம் சொல்வது?

என் உலகத்துக்கு இரண்டு நிலா. ஓதம் (கடல் ஏறி இறங்குவது) எப்படி இருக்கும்? (மன்னார்குடி)

இரண்டும் ஒரே கோட்டில் நிற்கும் நாளில் ஏற்றம் கூடும், குறுக்கே நிற்கும் நாளில் தணியும். எந்த நிலா எவ்வளவு பெரிசு, எவ்வளவு தூரம்? அதை எழுதாமல் என்னத்தைக் கணக்குப் போடுவது? நம் கரையில் பௌர்ணமிக்கே இரண்டு முழம் ஏறினால் அதிகம். உங்களுக்கு மாடி உயரம் வேண்டுமென்றால் வாய் அகன்று உள்ளே குறுகும் வளைகுடா ஒன்றை வரையுங்கள். குஜராத்தின் காம்பே வளைகுடாவில் பத்து மீட்டர் ஏறுகிறது, ஒற்றை நிலாவுக்கே.

இத்தனை ஆறு விழுந்தும் என் கடல் ஏன் நிரம்பவில்லை? (திருவாரூர்)

வெயில். புராணக் காரணம்தான் வேண்டுமென்றால் வடவைத்தீ: பெண்குதிரை முகத்தோடு கடலடியில் எரிந்து, நீரைக் குடித்துக்கொண்டே இருக்கும் நெருப்பு.

இரவில் நீலமாக ஒளிரும் கடல் என்றால் நம்புவார்களா? (சீர்காழி)

2019 ஆகஸ்டில் சென்னைக் கரையிலேயே ஒளிர்ந்தது. நுண்ணுயிர்களின் வேலை. தண்ணீர் குலுங்கினால்தான் மினுங்கும். ஒளிந்திருக்கும் உங்கள் நாயகன் அசையாமல் கிடக்கட்டும், கை வீசினால் காட்டிக்கொடுத்துவிடும்.

கடல் நடுவில், அடிகாணா ஆழத்தில், கப்பல்களை விழுங்கும் மாயச்சுழல்... (கும்பகோணம்)

மறுபடியும் சுழல்! எனக்கு வரும் கதைகளில் பாதிக்கு மேல் இந்தச் சுழல்தான், எல்லாம் நட்டநடுக் கடலில். ஆழம்தான் ஆளைக் கொல்லும் என்று யார் சொன்னது? நாட்டுப்படகுக்காரரைக் கேளுங்கள். பத்துப் பாகம் (ஒரு பாகம் ஏறத்தாழ ஆறடி) ஆழம் தாண்டினால் பீடி பற்றவைப்பார். முகத்துவாரத்து மணல்திட்டைக் கடக்கும்போது மட்டும் வாயே திறக்கமாட்டார். ஆழத்தில் சும்மா உருண்டு போகிற அலை, அடி தட்டினால் எழும்பி உடைகிறது. 2004 டிசம்பர் 26 காலையில் ஆழ்கடலில் நின்ற படகுகளுக்கு அடியால் அந்த அலை போனதே தெரியவில்லை. கரையில், நாகை மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரம் பேர் போனார்கள்.

புயலும் அப்படித்தான். பாக் நீரிணை ஆழமில்லாத கடல். காற்று தள்ளுகிற தண்ணீர் கீழே இறங்க இடமில்லாமல் ஊருக்குள் ஏறும். 1964 டிசம்பரில் தனுஷ்கோடியை, ரயிலோடு சேர்த்து, வாரிக்கொண்டு போனது இதுதான். தரை தட்டும் என்றுதானே பெரிய கப்பல்கள் இந்தப் பக்கம் வராமல் இலங்கையைச் சுற்றிப் போகின்றன?

ஆகவே கும்பகோணத்தாரே, கடலைப் பயங்கரமாக்க ஆழத்தைக் குறையுங்கள். ஒவ்வொரு பெருவெள்ளத்துக்கும் இடம் மாறுகிற திட்டு, மாலையில் நங்கூரம் போட்டு விடிந்தால் சேற்றில் சாய்ந்து கிடக்கிற கப்பல், பழைய வழியை நம்பி வருகிற மாலுமி. போதாதா? சுழல் இல்லாமல் தூக்கம் வராதென்றால் இரண்டு தீவுக்கு நடுவே இடுக்கில் வையுங்கள். நார்வேயில் ஓதம் புகுந்து வெளியேறும்போது அப்படித்தான் சுழல்கிறது.

என் படை கார்த்திகை மாதம் கிழக்கே பாய்விரித்து ஐந்தே நாளில்... (தஞ்சாவூர்)

வடகிழக்கிலிருந்து வரும் வாடை முகத்தில் அடிக்கும். நம் பக்கமிருந்து கிழக்கே போகக் கச்சான் (மேற்கிலிருந்து வீசும் காற்று) வேண்டும், திரும்பத்தான் வாடை. உங்கள் உலகத்தில் காற்று எப்படியும் இருக்கட்டும், அத்தியாயத்துக்கு அத்தியாயம் மாற்றாதீர்கள்.

ஏழு கடல்களுக்குப் பெயர் சொல்லுங்கள். (திருத்துறைப்பூண்டி)

உப்பு, கருப்பஞ்சாறு, கள், நெய், தயிர், பால், நன்னீர். முன்னோர் வைத்தாகிவிட்டது. தயிரில் துடுப்புப் போடுவது எப்படி என்று யோசியுங்கள், அரை அத்தியாயம் தேறும்.

கடல் உள்வாங்குகிறது. நாயகி சிப்பி பொறுக்கியபடி ஒரு பாட்டு முழுக்கப் பாடுகிறாள். பிறகு அலை. சரியா? (மயிலாடுதுறை)

பாட்டை வெட்டுங்கள். நிமிடக்கணக்கில்தான் நேரம் இருக்கும். அவள் ஓடி ஏற ஒரு மேட்டையும் வரைந்துவிடுங்கள். எங்கள் கரையில் அது இல்லை.