அடிக்கிற கணவனிடமே தங்கை திரும்பத் திரும்பப் போகிறாள், அண்ணனாக நான் என்ன செய்வது?

கேள்வி இதுதான்: "என் தங்கை கணவனின் அடி தாங்காமல் இரண்டு முறை எங்கள் வீட்டுக்கு வந்தாள். இரண்டு முறையும் அவன் வந்து அழுததும் அவனோடு கிளம்பிவிட்டாள். இனி எனக்கு மகளே இல்லை என்கிறார் அப்பா. படித்தவள், வேலைக்குப் போகிறவள், ஏன் இப்படி இருக்கிறாள்? அண்ணனாக நான் என்ன செய்ய வேண்டும்?"

நானும் அப்படி ஒரு கல்யாணத்திலிருந்து வெளியே வந்தவள்தான். ஒரே தடவையில் வரவில்லை, போவதும் வருவதுமாகத்தான் இருந்தேன். அதனால் உங்கள் தங்கை பக்கம் கொஞ்சம் சாய்ந்துதான் பேசுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

வெளியில் இருப்பவர்கள் கண்ணில் படுவது அடி மட்டும்தான். அடி விழாத நாட்களில் அந்த வீட்டில் என்ன நடக்கிறது என்று யாரும் கேட்பதில்லை. நான் கடைக்குப் போய்விட்டு வந்தால் ரசீதை மேசைமேல் வைக்க வேண்டும். அதில் அச்சாகியிருக்கும் நேரத்தைப் பார்த்து, வீடு வந்து சேர எவ்வளவு நேரம் ஆகியிருக்க வேண்டும் என்று என் கணவர் கணக்குப் போடுவார். அம்மாவிடம் போன் பேசினால் ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேச வேண்டும். அவர் கை நீட்டியது எப்போதோ ஒரு முறைதான். ஆனால் அந்த ஒரு முறை போதும், மிச்ச நாளெல்லாம் நான் பயந்து நடந்துகொண்டேன். போகப்போக அவர் கேட்பதற்கு முன்னாலேயே ரசீதை எடுத்து வைக்கப் பழகிவிட்டேன். அந்தக் கட்டத்தில் யாராவது "உன்னை அடிக்கிறாரா?" என்று கேட்டிருந்தால் இல்லை என்றுதான் சொல்லியிருப்பேன், அதுவும் பொய் என்று நினைக்காமலே.

அமெரிக்காவில் டுலூத் என்ற ஊரில், அடிபட்ட பெண்கள் சொன்னதைக் கேட்டு 1984-ல் ஒரு சக்கரப் படம் போட்டார்கள். உடல் வன்முறையும் பாலியல் வன்முறையும் அந்தச் சக்கரத்தின் வெளி விளிம்பில்தான் இருக்கின்றன. மிரட்டுவது, மட்டம்தட்டுவது, சொந்தபந்தத்திடமிருந்து பிரித்துவைப்பது, பணத்தைத் தன் கையில் வைத்துக்கொள்வது, பிள்ளைகளைக் காட்டிப் பயமுறுத்துவது, "நான் ஒன்றும் பண்ணவில்லை, நீதான் என்னைப் பண்ணவைத்தாய்" என்பது, இதெல்லாம் உள்ளே ஆரக்கால்களாக இருக்கும். நடுவில் அதிகாரமும் கட்டுப்பாடும். முதல்முறை அந்தப் படத்தைப் பார்த்தபோது, யாரோ எங்கள் வீட்டு ஹாலில் உட்கார்ந்து வரைந்ததுபோல இருந்தது. சட்டங்களும் மெல்ல இந்தப் பக்கம் வந்திருக்கின்றன. இந்தியாவின் 2005-ஆம் ஆண்டுச் சட்டத்தில் சொல்லால் வதைப்பதும், செலவுக்குப் பணம் தராமல் முடக்குவதும்கூடக் குடும்ப வன்முறைதான். இங்கிலாந்தில் 2015-ல் கொண்டுவந்த சட்டப்படி, ஓர் அடிகூட விழாமல் தொடர்ந்து ஆட்டிப்படைத்தாலே அது குற்றம்.

அவன் வந்து அழுதான் என்கிறீர்கள். லெனோர் வாக்கர் என்ற உளவியலாளர் 1979-ல் விவரித்த சுற்றில் அந்த அழுகைக்கும் இடம் உண்டு: முதலில் வீட்டில் இறுக்கம் ஏறிக்கொண்டே போகும், அப்புறம் வெடிக்கும், அதற்குப் பிறகு மன்னிப்பு, பாசம், சத்தியம். எல்லா வீட்டிலும் இப்படிச் சுற்று சுற்றாக நடப்பதில்லை. சில வீடுகளில் மன்னிப்பு என்ற பேச்சுக்கே இடமில்லை. எங்கள் வீட்டில் இருந்தது. அந்த நாட்களில் அவர் நடித்தார் என்று இன்றைக்கும் நான் நினைக்கவில்லை. நான் கல்யாணம் செய்துகொண்ட மனிதர் அவர்தான், அவர் திரும்பி வந்து எதிரில் உட்கார்ந்திருக்கிறார், எப்படி நம்பாமல் இருப்பது? அடிப்பவரும் ஆற்றுபவரும் ஒரே ஆளாக இருந்து, கொடுமையும் கனிவும் மாறி மாறி வரும்போது பிடிப்பு விட்டுப்போகாது, இன்னும் இறுகும். டட்டன், பெயிண்டர் என்ற இரண்டு ஆய்வாளர்கள் 1981-லேயே இதை எழுதியிருக்கிறார்கள். உங்கள் தங்கை ஏமாளி இல்லை. பாதி நாள் நல்லவனாக இருக்கும் ஒருவனோடு வாழ்கிறாள், அவ்வளவுதான்.

படிப்பும் வேலையும் இதற்குக் கவசம் என்று நினைப்பதை விட்டுவிடுங்கள். உலக சுகாதார நிறுவனம் 2021-ல் வெளியிட்ட கணக்குப்படி, துணையோடு வாழ்ந்திருக்கும் 15 முதல் 49 வயதுப் பெண்களில் நாலில் ஒருவருக்கும் மேல் அந்தத் துணையிடமே உடல் வன்முறையையோ பாலியல் வன்முறையையோ அனுபவித்திருக்கிறார்கள். இதில் படித்தவர், படிக்காதவர் எல்லாரும் உண்டு. வேலைக்குப் போகிறாள் என்கிறீர்களே, சம்பளம் விழும் கணக்கின் ஏடிஎம் கார்டு யாரிடம் இருக்கிறது என்று கேட்டுப் பார்த்தீர்களா? (தங்கையைப் பற்றிக் கேட்டதால் பெண்ணை வைத்து எழுதுகிறேன். அடிபடுகிற ஆண்களும் இருக்கிறார்கள், சொன்னால் சிரிப்பார்களே என்ற பயமும் அவர்களுக்குச் சேர்ந்துகொள்கிறது.)

அவள் திரும்பிப் போனதற்கு இன்னொரு காரணமும் இருக்கலாம், அதைத்தான் வீட்டில் பெரும்பாலும் மறந்துவிடுவார்கள். விட்டு விலகும் நேரம்தான் உயிருக்கு அதிக ஆபத்தான நேரம். ஜாக்குலின் கேம்பல் என்ற ஆய்வாளரின் குழுவினர் அமெரிக்காவின் 11 நகரங்களில் துணையால் கொல்லப்பட்ட பெண்களின் வழக்குகளை ஆராய்ந்து 2003-ல் வெளியிட்டார்கள். ஆட்டிப்படைக்கும் துணையை விட்டுப் பிரிந்திருந்த பெண்களுக்கு ஆபத்து பல மடங்கு கூடியிருந்தது. துப்பாக்கி கைக்கெட்டும் வீடுகளிலும் அப்படித்தான். "நீ போனா உன் அண்ணனை வெட்டுவேன்" என்று அவன் சொல்லியிருந்தால் அவள் அதை உங்களிடம் சொல்லவா போகிறாள்? போனால் நடக்கப்போவதையும் இருந்தால் நடக்கப்போவதையும் எடைபோட்டுத்தான் அவள் போயிருக்கிறாள். அந்தக் கணக்கில் உங்களுக்குத் தெரியாத எண்கள் இருக்கின்றன.

தனியாகப் பேச வாய்ப்புக் கிடைத்தால் ஒன்றைக் கட்டாயம் கேளுங்கள்: எப்போதாவது கழுத்தை நெரித்திருக்கிறானா? "சும்மா பிடிச்சார்" என்பாள். அதை லேசாக விடாதீர்கள். துணை ஒரு முறை கழுத்தை நெரித்திருந்தால், பின்னால் அவன் கையால் சாகும் அபாயம் ஏழு மடங்குக்கும் மேல் என்று 2008-ல் வந்த ஆய்வு ஒன்று காட்டியது. கழுத்தில் தடமே இல்லாமலும் இருக்கலாம். குரல் கம்மியிருப்பது, விழுங்கும்போது வலி, கண்ணின் வெள்ளையில் சிவப்புப் புள்ளிகள், நடந்தது கோவையாக ஞாபகம் வராமல் போவது, இவற்றைப் பாருங்கள். கழுத்து ரத்தக்குழாயின் உள்சுவர் கிழிந்து சில நாள் கழித்துப் பக்கவாதம் வருவதும் உண்டு. அதனால் உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். அங்கே "கழுத்தை நெரித்தார்" என்று அப்படியே சொல்ல வேண்டும். வழுக்கி விழுந்தேன் என்றால் எலும்பைத்தான் பார்த்து அனுப்புவார்கள்.

சரி, உங்கள் பங்குக்கு வருவோம். நாலு பேரைச் சேர்த்துக்கொண்டு போய் அவனைத் தட்டிக் கேட்கலாம் என்று உங்களுக்குக் கை துறுதுறுக்கும். வேண்டாம். நீங்கள் கேட்டுவிட்டு வந்துவிடுவீர்கள். அப்புறம் கதவு சாத்தப்படும், உள்ளே இருக்கப்போவது அவள். பெரியவர்களை நடுவில் வைத்துச் சமாதானம் பேசுவதும் இதே கதைதான். அங்கே அவள் வாயைத் திறந்தால் அதற்கான விலையை வீட்டில் கொடுக்க வேண்டியிருக்கும், திறக்காவிட்டால் "பாருங்க, பிரச்சினையே இல்லை" என்று எழுந்துவிடுவார்கள். ஐரோப்பிய நாடுகள் 2011-ல் கையெழுத்திட்ட இஸ்தான்புல் உடன்படிக்கையில், இப்படிப்பட்ட வன்முறையில் சமரசப் பேச்சைக் கட்டாயமாக்கக் கூடாது என்றே ஒரு பிரிவு இருக்கிறது.

எனக்கு உதவியவள் ஒரு சிநேகிதி. "விட்டுட்டு வா" என்று அவள் ஒரு நாளும் சொன்னதில்லை. "இன்னைக்கு ராத்திரி அங்க இருக்க உனக்குப் பயமா இருக்கா?" என்றுதான் கேட்பாள். இல்லை என்றால் வேறு பேச்சுக்குப் போய்விடுவாள். ஆமாம் என்றால், என்ன செய்யலாம் என்று என்னிடமே கேட்பாள். என் சான்றிதழ்கள், பாஸ்போர்ட், பிள்ளையின் பிறப்புச் சான்றிதழ் எல்லாம் ஒவ்வொன்றாக, நான் இரவல் கொடுத்த புத்தகங்களுக்கு நடுவில் அவள் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தன. எல்லாவற்றையும் ஒரே நாளில் எடுத்திருந்தால் பீரோவில் ஃபைல் ஒல்லியாகிப் போனது அவர் கண்ணில் பட்டிருக்கும். மாற்றுச் சாவி, மாத்திரை, கொஞ்சம் ரொக்கம், ஒரு செட் துணி கொண்ட பையும் அவளிடம்தான் இருந்தது. "லைப்ரரி கார்டு கிடைச்சுதா?" என்று நான் செய்தி அனுப்பினால் ஒன்றும் கேட்காமல் போலீஸைக் கூப்பிட வேண்டும் என்று பேசி வைத்திருந்தோம்.

அண்ணனாக நீங்களும் இதைச் செய்யலாம். அவள் எப்போது கிளம்புகிறாள் என்பதை அவளே முடிவு செய்யட்டும். என்ன உடுத்துவது என்பதுவரை அவளுக்காக அவன் முடிவு செய்துகொண்டிருக்கிறான், நீங்களும் உங்கள் பங்குக்கு ஒரு உத்தரவு போட வேண்டாம். அந்த நிமிஷம் உயிருக்கு ஆபத்து என்றால் மட்டும் யாரையும் கேட்காமல் போலீஸைக் கூப்பிடுங்கள். சண்டை ஏறுகிறது என்று தெரிந்தால் சமையலறைக்கும் குளியலறைக்கும் போகாமல், வெளியே போகிற கதவுக்குப் பக்கத்தில் இருக்கச் சொல்லுங்கள். காயங்களைப் படம் எடுத்து தேதியோடு உங்களிடம் வையுங்கள், அவள் போனில் இருக்கக் கூடாது.

போன் விஷயத்தில் ரொம்பக் கவனம் தேவை. அவள் இருக்கும் இடம் அவனுக்குத் தெரிகிற மாதிரி அமைத்திருக்கலாம், அவள் மெயில் அவன் போனிலும் திறந்திருக்கலாம். பதறிப்போய் எல்லாப் பாஸ்வேர்டையும் ஒரே நாளில் மாற்றினால் ஏதோ நடக்கிறது என்று அவனுக்குத் தெரிந்துவிடும். உதவி எண்ணுக்கோ வக்கீலுக்கோ பேசுவதானால் உங்கள் போனிலிருந்தோ அலுவலகத்துப் போனிலிருந்தோ பேசட்டும். நீங்களே முதலில் உதவி எண்ணுக்குக் கூப்பிட்டு, தங்குவதற்கு இடம், பாதுகாப்பு ஆணை எல்லாவற்றையும் விசாரித்து வைத்துக்கொள்ளலாம். அடிபடுபவரே கூப்பிட வேண்டும் என்பதில்லை.

அப்பாவிடம் ஒன்று சொல்லுங்கள். "உனக்கு என்னை விட்டால் யாரும் இல்லை, உன் வீட்டிலும் சேர்க்கமாட்டார்கள்" என்று அவள் கணவன் தினமும் சொல்லிக்கொண்டிருப்பான், ஏறக்குறைய எல்லாரும் சொல்வதுதான் இது. "எனக்கு மகளே இல்லை" என்ற வார்த்தை அவள் காதுக்குப் போனால் அவன் சொன்னது நிஜமாகிவிடும். அவர் மனம் மாறி அவளிடம் பேசாவிட்டாலும் பரவாயில்லை, அந்த வாக்கியத்தை மட்டும் இனிமேல் யார் முன்னாலும் சொல்ல வேண்டாம்.

உங்கள் தங்கைக்கு இன்றைக்கே ஒரு செய்தி அனுப்புங்கள். அவனும் படிப்பான் என்று நினைத்துக்கொண்டே எழுதுங்கள். ஏன் போனாய், அவன் எப்படி இருக்கிறான், எதுவும் வேண்டாம். "அம்மா உன்னைக் கேட்டாங்க, முடிஞ்சப்போ போன் பண்ணு" என்பது போதும். பதில் வராவிட்டால் கோபித்துக்கொள்ளாமல் அடுத்த வாரம் இதேபோல இன்னொன்று அனுப்புங்கள். மூன்றாவது முறை அவள் பையோடு வந்து நின்றால், "இந்தத் தடவையாவது இருப்பியா?" என்று வாசலில் வைத்துக் கேட்காதீர்கள்.