மாயப் படிகம்: வாசகர் கேள்வி பதில்

கற்பனை உலகக் கதை, காமிக்ஸ், குறும்படம் என்று முயல்பவர்கள் மாயக் கற்களைப் பற்றிக் கேட்டவற்றில் சில.

கேள்வி: என் நாயகியின் வாள் வைரத்தைவிடக் கடினமான ஒற்றைப் படிகத்தால் ஆனது. அப்படியானால் உடையவே உடையாதுதானே?

பதில்: தாராளமாக உடையும். கடினம் வேறு, உறுதி வேறு. கனிமங்களின் கடினத்தை 1 முதல் 10 வரை குறிக்கும் மோஸ் அளவுகோலில் வைரத்துக்கு 10 என்றால், மற்றக் கனிமங்களால் அதைக் கீற முடியாது என்று மட்டுமே பொருள். சுத்தியலால் ஓங்கி அடித்தால் வைரமும் சிதறும். அதற்குள் எளிதில் பிளக்கும் திசைகள் நான்கு உண்டு. வைரத்தைப் பட்டை தீட்டுபவர்கள் இதைப் பயன்படுத்தித்தான் பெரிய கல்லைப் பிளப்பார்கள். உறுதிக்கு நெஃப்ரைட் ஜேட் என்ற கல்லைப் பாருங்கள். கடினம் 6 முதல் 6.5 வரைதான். ஆனால் நுண்ணிழைகள் பின்னிக் கிடப்பதால் விரிசல் ஓட வழியில்லை. உலோகம் வருமுன் அதில் கோடரி செய்தார்கள். வாள் ஒற்றைப் படிகமாகவே இருக்கட்டும், ஆனால் எந்தப் பக்கம் அடி விழுந்தால் பிளக்கும் என்பதை எழுதத் தொடங்கும்போதே முடிவு செய்துகொள்ளுங்கள். வில்லனுக்கு அது தெரியவந்தால் சண்டைக் காட்சி தானாகச் சூடு பிடிக்கும்.

கேள்வி: சூரியன் தெரியாத நாளில் கடலோடிகள் ஒரு கல்லை வைத்துத் திசை அறிவதாக எழுதலாமா?

பதில்: எழுதலாம்; இதற்கு மாயமே தேவையில்லை. கால்சைட் என்ற கனிமத்தின் தெளிவான படிகம் போதும். அதன் வழியாகப் பார்த்தால் எல்லாம் இரண்டாகத் தெரியும். 1669இல் டென்மார்க் அறிஞர் ராஸ்முஸ் பார்த்தோலின் இதை விவரித்து எழுதினார். கல்லின் மேல்முகத்தில் மையால் ஒரு புள்ளி வைத்து, தலைக்கு மேலே உள்ள நீல வானத்தை நோக்கிப் பிடித்துக் கீழிருந்து பாருங்கள். இரண்டு புள்ளிகள் தெரியும். கல்லை மெதுவாகச் சுழற்றினால் ஒன்று மங்க, மற்றது அழுத்தமாகும். ஓரிடத்தில் இரண்டும் சமமாகும். வானத்து ஒளி சூரியனின் திசையைப் பொறுத்து ஒரு குறிப்பிட்ட தளத்தில் அதிகம் அதிர்வதால் வரும் விளைவு இது. சூரியன் தெரியும் நாளிலேயே இந்தச் சமநிலையில் கல்லின் எந்த விளிம்பு சூரியனை நோக்குகிறது என்று பார்த்து, கல்லைப் பொருத்திய சட்டத்தில் கோடு போட்டுவிட வேண்டும்.

சிக்கல்களும் உண்டு, கதைக்கு அவைதான் தீனி. ஒரு முழுச் சுற்றில் நான்கு இடங்களில் சமநிலை வரும். எந்தப் பக்கம் வானம் வெளுத்திருக்கிறது என்று பார்த்துத்தான் சரியானதைத் தேர வேண்டும். கருமேகம் முழுக்க மூடிவிட்டால் வேறுபாடே தெரியாது. கால்சைட்டின் கடினம் வெறும் 3. மணலோடு ஒரே பையில் கிடந்தால் முகம் மங்கிவிடும். இன்னொன்று: கல் காட்டுவது சூரியன் இருக்கும் பக்கத்தை. வடக்கைக் கண்டுபிடிக்க நேரமும் தெரிந்திருக்க வேண்டும்.

கேள்வி: ஆபத்து வந்தால் நிறம் மாறும் கல்?

பதில்: அலெக்ஸாண்ட்ரைட் என்ற ரத்தினக் கல் பகலில் பச்சையாகவும் மெழுகுவத்தி வெளிச்சத்தில் சிவப்பாகவும் தெரியும். அதிலுள்ள குரோமியம் மஞ்சள் ஒளியை விழுங்கிவிடுகிறது. மிஞ்சுவதில் எது தூக்கல் என்பதை விளக்கே தீர்மானிக்கிறது. தீவட்டியோடு வரும் நண்பனையே எதிரி என்று கல் காட்டிக்கொடுத்தால் எப்படியிருக்கும்?

கேள்வி: குறும்படத்துக்கு ஒரு படிகம் வேண்டும். கண்ணாடி போலியாகத் தெரிகிறது. வீட்டில் வளர்க்க முடியுமா?

பதில்: படிகாரம் போதும், எண்முக வடிவில் அழகாக வளரும். சூடான 400 மில்லி தண்ணீரில் 80 கிராம் படிகாரத் தூளைக் கரைத்து வடிகட்டுங்கள். அதில் கொஞ்சத்தைத் தட்டில் ஊற்றி ஓரிரு நாள் விட்டால் சிறு படிகங்கள் வரும். தெளிவான ஒன்றை, 3 முதல் 5 மில்லிமீட்டர் அளவில், நைலான் நூலில் கட்டுங்கள். பருத்தி நூலின் பிசிறெல்லாம் தனித்தனிப் படிகமாகிவிடும். மீதிக் கரைசல் அறைச் சூட்டுக்கு ஆறிய பிறகே தொங்கவிட வேண்டும். வெதுவெதுப்பாக இருந்தால் விதைப் படிகம் கரைந்து நூல்தான் மிஞ்சும். பலரும் கோட்டை விடுவது இங்கேதான்.

ஜாடியைத் தாளால் மூடி, வெயிலும் அதிர்வும் படாத இடத்தில் வையுங்கள். அடியில் புதுப் படிகங்கள் படிந்தால் அவை உங்கள் கல்லின் பங்கைத் தின்றுவிடும். கல்லை வெளியே எடுத்துவிட்டு, அடியில் படிந்ததையும் சேர்த்துச் சூடாக்கிக் கரைத்து, வடிகட்டி, ஆறவிட்டு மறுபடி தொங்கவிடுங்கள். கல் பால் போல மங்கினால் வேகமாக வளர்கிறது என்று பொருள். ஜாடியை இன்னும் இறுக்கமாக மூடுங்கள். சில வாரங்களில் கைக்கு அடக்கமான கல் கிடைக்கும். எடுத்ததும் தண்ணீரில் கழுவ வேண்டாம், மெல்லிய தாளால் ஒற்றி, நிறமற்ற நகப்பூச்சு பூசுங்கள். இல்லாவிட்டால் வறண்ட காற்றில் மேல்பக்கம் வெளுக்கும். கரைசலில் உணவு நிறம் கலப்பது வீண், படிகம் பெரும்பாலும் அதை உள்ளே சேர்க்காது. கல்லுக்குக் கீழே நிற எல்இடி வையுங்கள். சூடாகும் படப்பிடிப்பு விளக்கின் அருகே மட்டும் வேண்டாம்: சுமார் 92 டிகிரி செல்சியஸில் படிகாரம் தன்னுள் இருக்கும் நீரிலேயே உருகிவிடும்.